காளவாய்மேட்டில் பார்க்க ஒன்றுமில்லை

திண்டிவனத்தில் அந்தத் தனியார் பள்ளியின் வாசலில், ‘எல்.கே.ஜி. சேர்க்கை நடைபெறுகிறது’ என்று பெரிய எழுத்தில் பேனர் கட்டியிருந்தார்கள். ஏப்ரல் மாத வெயில் ஏறுவதற்கு முன்பே தேவாவும் அவன் மனைவி ஆரோக்கியசெல்வியும் மகள் வெண்ணிலாவை அழைத்துக்கொண்டு வந்து, தாளாளர் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். சர்ச்சுக்குப் போகும்போது மட்டும் போடுகிற ரோஸ் நிறக் கவுனைக் குழந்தைக்குப் போட்டிருந்தாள் செல்வி. அது கசங்கிவிடக் கூடாது என்று மடியில்கூட உட்கார வைக்காமல் நிற்கவே வைத்திருந்தாள்.

பள்ளியின் தாளாளர் காந்திமதிக்கு ஐம்பத்தைந்து வயது இருக்கும். விழுப்புரத்தில் வீடு. கணவருக்கு அந்தப் பக்கம் நிலமும் ஒரு எண்ணெய் மில்லும் இருந்தன. தினமும் காரில் திண்டிவனம் வந்து, சாயங்காலம் திரும்பிப் போவார். பள்ளியைச் சின்ன ஓட்டுக் கட்டடத்தில் தொடங்கி மூன்று மாடியாக வளர்த்தவர். குழந்தைகளிடம் பிரியமாக இருப்பார் என்று ஊரில் பெயர். அதில் பொய் இல்லை. வெண்ணிலாவைப் பக்கத்தில் கூப்பிட்டுப் பேர் கேட்டார், ஒரு பாட்டுப் பாடச் சொன்னார். குழந்தை கூச்சமில்லாமல் பாடியது. நடுவில் வரி மறந்துபோனபோது, தானே ஒரு வரியைக் கட்டி ஒட்டவைத்து முடித்தது. காந்திமதி வாய்விட்டுச் சிரித்தார். டிராயரைத் திறந்து சாக்லேட் எடுத்துக் கொடுத்தார்.

"எந்த ஏரியாவுல இருக்கீங்க?" என்று பிறகு கேட்டார்.

"காளவாய்மேடு மேடம்" என்றாள் செல்வி.

சிரிப்பு முகத்தில் அப்படியே இருந்தது. கண் மட்டும் அவர்களை விட்டு நகர்ந்து மேஜைமேல் போய் நின்றது. இந்த வருஷத்து சீட் எல்லாம் முடிந்துவிட்டதே, இப்போதுதான் கவனிக்கிறேன் என்றார் காந்திமதி. அடுத்த வருஷம் பார்க்கலாம், ஊரில் வேறு நல்ல பள்ளிகளும் இருக்கின்றன என்றார். அதற்குப் பிறகு அவர் தேவாவின் முகத்தையோ செல்வியின் முகத்தையோ ஒருமுறைகூட நிமிர்ந்து பார்க்கவில்லை.

வெளியே வந்ததும் செல்வி குழந்தையின் செருப்பு வாரைச் சரி செய்கிற சாக்கில் குனிந்து நேரம் கடத்தினாள். அவர்களுக்கு அடுத்ததாக உள்ளே போன தம்பதியிடம் காந்திமதி பேசுவது திறந்த கதவு வழியாகக் கேட்டது. யூனிஃபார்முக்கு அளவு கொடுத்துவிட்டுப் போகும்படி அவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

செல்வி நிமிர்ந்தாள். முகம் கறுத்திருந்தது.

"பேரு சொன்ன வரைக்கும் சிரிச்சிக்கினு இருந்தாங்க. ஏரியா சொன்னதும் சீட்டு முடிஞ்சிபோச்சா? நான் உள்ள போய்க் கேக்கறேன்."

தேவாதான் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தான். குழந்தை முன்னால் வேண்டாம் என்றான். வெண்ணிலா சாக்லேட்டைப் பிரிக்காமல் கையில் வைத்துக்கொண்டு, ஸ்கூல் எப்போது என்று வழியெல்லாம் கேட்டுக்கொண்டே வந்தது.

காளவாய்மேடு ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. ஒரு காலத்தில் சுண்ணாம்புக் காளவாய் எரிந்த மேடு. கொத்தனார்கள், சித்தாள்கள், மண்டியில் மல்லாட்டை என்கிற நிலக்கடலை மூட்டை தூக்குகிறவர்கள், வானூர்ப் பக்கம் கட்டட வேலைக்கு வேனில் போய் வருகிறவர்கள் என்று உழைத்துச் சாப்பிடுகிற குடும்பங்கள். ஆனால் ஊர்க்காரர்களுக்கு அது ‘கேடிங்க ஏரியா’. ஆட்டோக்காரர் கேட்டோடு நிறுத்திவிட்டு இறங்கிக்கொள்ளச் சொல்வார். கூரியர் பையன் கேட்டில் நின்று போன் செய்வான். ஊரில் எங்காவது ஒரு வண்டி காணாமல் போனால் போலீஸ் ஜீப் முதலில் அங்கேதான் போகும். காணாமல் போன எதுவும் அங்கே கிடைத்ததாக யாருக்கும் நினைவில்லை. ஆனால் ஜீப் போவதை ஊரே பார்த்தது. அதிலேயே பேர் கெட்டது.

இந்தக் காலத்தில் ஒரு மனிதனைப் பார்த்து நேராகச் சாதியைக் கேட்கப் படித்தவர்களுக்கு வாய் வருவதில்லை. அதனால் எந்த ஏரியா என்று கேட்கிறார்கள். கேட்கிறவருக்கும் கௌரவமாக இருக்கிறது, பதிலும் கிடைத்துவிடுகிறது.

தேவாவுக்கு இது புதிதல்ல. அவன் வரலாறு படித்துவிட்டு, புதுச்சேரியில் சுற்றுலா வழிகாட்டியாக இருந்தான். காலை முதல் பஸ்ஸில் போய், கடற்கரையை ஒட்டிய பழைய தெருக்களில் ஆட்களை நடத்திக் கூட்டிக்கொண்டு போவது அவன் வேலை. சிரிக்கச் சிரிக்கப் பேசுவான். மூன்று மொழி வரும். வெளிநாட்டுக்காரர்கள் அவனோடு நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். எந்த ஊர் என்று யாராவது கேட்டால் திண்டிவனம் என்று சொல்லி அதோடு நிறுத்திக்கொள்வான். அந்த நிறுத்தத்தை அவன் எப்போது பழகினான் என்று அவனுக்கே தெரியாது.

மே மாதத்தில் ஒரு காலை. இரண்டு பெண்களுக்கு மட்டும் தனியாகச் சுற்றிக் காட்ட வேண்டும் என்று கனடாவிலிருந்து லீவில் வந்திருந்த பானுப்ரியா என்ற பெண் போனில் ஏற்பாடு செய்திருந்தாள். தேவா குறித்த இடத்தில் போய் நின்றபோது, அவளோடு காரிலிருந்து இறங்கியவர் காந்திமதி. பானுப்ரியாவின் அம்மா.

தேவா அவரைப் பார்த்ததுமே தெரிந்துகொண்டான். காந்திமதிக்கு அவனைத் தெரியவில்லை. தெரிவதற்கு அன்று அவர் அவன் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

திரும்பிப் போய்விடலாமா என்று ஒரு கணம் நினைத்தான். பிறகு தன் வேலையைச் செய்தான். வழக்கத்தைவிட நன்றாகவே செய்தான். மஞ்சள் சுவர்களைக் காட்டினான். போகன்வில்லா தொங்கும் சந்துகளில் கூட்டிக்கொண்டு போனான். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் ஒரு கதை சொன்னான். நடைபாதை உடைந்திருந்த இடத்தில் காந்திமதியின் கையைப் பிடித்து இறக்கிவிட்டான். வெயில் ஏறியதும் தன் குடையை அவருக்குக் கொடுத்துவிட்டான். "நல்லா இருப்பே தம்பி" என்றார் அவர், மனசாரவே.

நடை முடிந்து மூவரும் ஒரு காபிக் கடையில் உட்கார்ந்தார்கள். இத்தனை தடவை புதுச்சேரிக்கு வந்தும் இதையெல்லாம் இன்றைக்குத்தான் பார்த்தேன் என்றாள் பானுப்ரியா. காந்திமதிக்கும் சந்தோஷம். தன் பள்ளிக்கு ஒருநாள் வந்து பிள்ளைகளிடம் பேச வேண்டும் என்று அவனை அழைத்தார்.

"உன்னை மாதிரி ஆளுங்கதான் எங்க பசங்களுக்கு வேணும். எந்த ஊருப்பா நீ?"

"திண்டிவனம் மேடம்."

"அட, நம்ம ஊரு. திண்டிவனத்துல எங்க?"

பஸ் ஸ்டாண்டு பக்கம் என்று சொல்லியிருக்கலாம். துருவிக் கேட்ட எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறான். அன்று அவனுக்கு அது வாயில் வரவில்லை. ரோஸ் கவுனோடு நின்ற குழந்தைதான் கண்ணில் நின்றது.

"காளவாய்மேடு" என்றான்.

காந்திமதியின் கைப்பை அதுவரை நாற்காலி முதுகில், தேவாவின் பக்கமாகத் தொங்கிக்கொண்டிருந்தது. அவர் கை பின்னால் போய் அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டது. அப்படிச் செய்தது அவருக்கே தெரியாது. பானுப்ரியா பார்த்துவிட்டாள். தேவாவும் பார்த்தான்.

அவன் குரலை உயர்த்தவில்லை.

"ஏப்ரல் மாசம் எங்க பாப்பாவுக்கு சீட்டு கேட்டு உங்க ஸ்கூலுக்கு வந்தோம் மேடம். ஏரியா பேர சொன்னதும் சீட்டு முடிஞ்சிபோச்சின்னீங்க. எங்களுக்கு அப்பறம் வந்தவங்களுக்கு குடுத்தீங்க. இவ்ளோ நேரம் என் பின்னாடி சந்து சந்தா பயமில்லாம வந்தீங்க. இப்ப பைய எடுத்து மடியில வச்சிக்கினீங்க. நான் அதே ஆளுதான் மேடம். இந்த ஒரு நிமிஷத்துல இன்னா மாறிப்போச்சி?"

காந்திமதியின் முகம் சிவந்தது. தன்மேல் தப்பில்லை என்றார். நாலு பேர் சொல்வதை வைத்துத்தானே எதையும் முடிவு செய்ய முடியும் என்றார். மற்றப் பெற்றோர் சண்டைக்கு வருவார்கள், பள்ளி நடத்துவது எவ்வளவு கஷ்டம் என்று அவனுக்குத் தெரியாது என்றார்.

"அம்மா, நீ அந்த எடத்துக்குப் போயிருக்கியா?" என்று கேட்டாள் பானுப்ரியா.

போனதில்லை. இத்தனை வருஷமாகப் பள்ளியிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்தும் ரயில்வே கேட்டை அவர் தாண்டியதில்லை.

பானுப்ரியா தேவாவின் பக்கம் திரும்பினாள். இதே மாதிரி உங்கள் ஏரியாவையும் எங்கள் இருவருக்கு மட்டும் நடந்து காட்ட முடியுமா என்று கேட்டாள். தேவா யோசிக்காமல் சரி என்றான். வீட்டுக்குப் போகிற பஸ்ஸில்தான், செல்வி என்ன சொல்வாளோ என்று பயம் வந்தது.

செல்வி மருந்துக் கடையில் வேலை பார்ப்பவள். அன்றைக்கு மதிய ஷிப்ட் முடிந்து வந்து தலைவாரிக்கொண்டிருந்தவள், விஷயத்தைக் கேட்டதும் சீப்பைக் கீழே வைத்துவிட்டாள்.

"நாம இன்னா காட்சிப் பொருளா? வந்து பாத்துட்டு, இவங்க நல்லவங்கன்னு அவங்க சொன்னாத்தான் நாம நல்லவங்களா?"

பார்த்தால் புரிந்துகொள்வார்கள் என்று தேவா சொல்லிப் பார்த்தான். புதுச்சேரியில் இருக்கிற வீடுகள் எல்லாம் பழசு, வருகிறவர்கள் பார்க்கட்டும், இங்கே மனுஷர்கள் உயிரோடு இருக்கிறோம் என்றாள் அவள். கடைசியில் ஒன்று மட்டும் சொன்னாள். வருகிறவர்களைத் தடுக்கமாட்டாள். ஆனால் அவர்களுக்காக வாசல் கூட்டமாட்டாள், டம்ளரைத் தேய்த்து வைக்கமாட்டாள். என்றைக்கும் எப்படியோ அப்படியே இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை காலை கார் ரயில்வே கேட்டுக்கு முன்னாலேயே நின்றுவிட்டது. காந்திமதியின் டிரைவர் சீனுவாசன் அதற்கு மேல் வரமாட்டேன் என்றான். கழுத்துச் செயினைக் கழற்றி வைத்துவிட்டுப் போகும்படி மெதுவாகச் சொன்னான். காந்திமதி கழற்றிக் கொடுத்தார். பானுப்ரியா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கேட்டருகே காத்திருந்த தேவா அதைப் பார்த்தும் பார்க்காததுபோல் நின்றான்.

மூவரும் தண்டவாளத்தைக் கடந்து நடந்தார்கள். தேவாவுக்கு அன்று ஒரு விசித்திரமான கஷ்டம் ஏற்பட்டது. புதுச்சேரியில் ஒவ்வொரு கதவுக்கும் கதை சொல்கிறவனுக்கு, தன் தெருவில் சொல்ல எதுவும் தோன்றவில்லை. ஒரு தகரக் கூரை சர்ச். அதை ஒட்டி மாரியம்மன் கோயில். பந்தலடியில் பெண்கள் நாலைந்து பேர் உட்கார்ந்து மல்லாட்டை உடைத்துக்கொண்டிருந்தார்கள். ஒருத்தர் குழந்தைக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். ஒரு வீட்டுக் கொடியில் போலீஸ் யூனிஃபார்ம் காய்ந்தது. அந்த வீட்டுப் பெண் ஆயுதப்படையில் இருக்கிறாள் என்று மட்டும் சொன்னான் தேவா.

காந்திமதி பயப்படுவதற்கு ஏதாவது வரும் என்று காத்துக்கொண்டே நடந்தார். ஒன்றும் வரவில்லை. யாரோ ஒரு அம்மா, யாருப்பா புதுசா என்று தேவாவிடம் விசாரித்துவிட்டு, வெயிலில் நடக்கிறார்களே, தண்ணி வேண்டுமா என்று கேட்டார். அவ்வளவுதான். விழுப்புரத்தில் அவருடைய தெருவில் ஞாயிற்றுக்கிழமை காலை எப்படி இருக்குமோ அப்படித்தான் இருந்தது.

மூடியிருந்த ஒரு பெட்டிக்கடை ஓரத்தில் ஒருவர் வேட்டி கலைந்து குடிபோதையில் கிடந்தார். தேவா அவரை மறைத்துக்கொண்டு நிற்கவோ, வேறு வழியாகக் கூட்டிக்கொண்டு போகவோ முயலவில்லை. காந்திமதி மகளைப் பார்த்தார். நான் சொன்னேன் பார்த்தாயா என்பது போல் இருந்தது அந்தப் பார்வை.

"அப்பாவும் தெனம் குடிக்கிறாரும்மா" என்றாள் பானுப்ரியா. "நம்மகிட்ட மாடி இருக்கு. மாடியில குடிச்சா தெருவுக்குத் தெரியாது."

காந்திமதி வேகமாக நடந்தார்.

தெரு முடிகிற இடத்தில் ஒரு குட்டை. அதை நெருங்க நெருங்க நாற்றம் தாங்க முடியவில்லை. தண்ணீர் கறுத்து, மேலே ஆடை கட்டி நுரைத்துக் கிடந்தது. காந்திமதி முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டார். இவ்வளவு நேரத்துக்குப் பிறகு அவருக்குச் சொல்ல ஒன்று கிடைத்தது. சிறு பிள்ளைகளை வைத்துக்கொண்டு இப்படி ஒரு அசிங்கத்துக்குப் பக்கத்தில் எப்படி இருக்கிறீர்கள், சுத்தமாக வைத்துக்கொள்ள வேண்டாமா, இதனால்தானே வெளியில் நாலு பேர் நாலு விதமாகப் பேசுகிறார்கள் என்று தேவாவிடம் கடிந்துகொண்டார். தேவா ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் ஹாரன் சத்தம் கேட்டது.

செப்டிக் டேங்க் லாரி ஒன்று குட்டையை நோக்கி வந்துகொண்டிருந்தது. வீடுகளிலிருந்து பெண்கள் கூட்டமாக ஓடிவந்து அதன் முன்னால் நின்றார்கள். இது அவர்களுக்கு வழக்கமான சண்டை. சில நாள் லாரியைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். சில நாள் அவர்கள் வேலைக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து வந்து கொட்டிவிட்டுப் போய்விடும். லாரி டிரைவர் கெட்ட வார்த்தையில் ஏதோ சொல்லிக்கொண்டே இறங்கினான். இறங்கியவன் காந்திமதியைப் பார்த்ததும் சட்டைக் காலரை இழுத்துவிட்டுக்கொண்டு பணிவாக நின்றான்.

"வணக்கம் மேடம். நீங்க எதுக்கு இங்கல்லாம் வந்துக்கினு? லீவுல எடுத்துடச் சொன்னீங்க இல்ல, உங்க ஸ்கூல் டேங்குதான். இதோட மூணாவது லோடு. ஜல்தியா முடிச்சிடுவேன்."

எல்லோரும் காந்திமதியைப் பார்த்தார்கள்.

"இங்கயா ஊத்தறே?" என்றார் அவர்.

"வேற எங்க மேடம் ஊத்த விடுவாங்க? சுத்திகரிக்கிற எடத்துக்கு எடுத்துக்கினு போனா டீசல் கட்டாது. ஊர்ல எல்லா டேங்கும் இங்கதான் வருது."

பள்ளியின் கழிவுத் தொட்டி நிறைந்ததும் போன் செய்தால் லாரி வரும், எடுத்துக்கொண்டு போகும். எங்கே போகிறது என்று அவர் ஒருநாளும் கேட்டதில்லை. ஊரில் யாருமே கேட்டதில்லை. மருத்துவமனை, லாட்ஜ், கல்யாண மண்டபம் எல்லாவற்றின் அழுக்கையும் கொண்டுவந்து இங்கே கொட்டிவிட்டு, இங்கே இருப்பவர்களை அழுக்கு என்று சொல்லிக்கொண்டிருந்தது ஊர்.

அப்போதுதான் காந்திமதி, லாரியின் முன்னால் நின்ற பெண்களில் ஒருத்தி முந்தானையை இழுத்து முகத்தை மறைப்பதைக் கவனித்தார். மறைத்தாலும் அடையாளம் தெரிந்தது.

"அன்பு?"

அது அன்புச்செல்வி. அவருடைய பள்ளியில் பல வருஷமாக ஆயா. எல்.கே.ஜி. குழந்தைகளுக்குச் சோறு ஊட்டுவதும், கழுவிவிடுவதும், தூங்க வைப்பதும் அவள்தான். காந்திமதி விழுப்புரத்திலிருந்து வர நேரமாகும் என்பதால், பள்ளியின் சாவிக்கொத்தே அவள் இடுப்பில்தான் இருக்கும். மயிலம் ரோட்டில் இருப்பதாகச் சொல்லி வேலைக்குச் சேர்ந்தவள்.

அன்புச்செல்வி கையெடுத்துக் கும்பிட்டாள்.

"தப்புதான் மேடம். ஏரியா பேர சொன்னா வேல குடுக்கமாட்டாங்கன்னு, எங்க தங்கச்சி வீட்டு அட்ரஸ சொல்லிட்டேன். வேலைய விட்டு எடுத்துடாதீங்க மேடம். உங்க காலுல வேணா விழறேன்."

குனியப் போனவளை யாரோ தோளைப் பிடித்து நிமிர்த்தினார்கள். செல்வி. அதுவரை குட்டைக்கு எதிரே இருந்த தன் வீட்டு வாசலிலேயே நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தவள், அன்புச்செல்வி கும்பிட்டதைப் பார்த்ததும் பொறுக்கமாட்டாமல் வந்துவிட்டாள்.

"நிமிந்து நில்லுக்கா. நீ எதுக்குக் கும்புடற? எதையாவது திருடிக்கினு வந்தியா?" என்று அவளை அதட்டிவிட்டு, காந்திமதியின் பக்கம் திரும்பினாள். "மேடம், உங்க ஸ்கூல் கக்கூச கொண்டாந்து எங்க வாசல்ல கொட்டறீங்க. நீங்க யாருகிட்டயும் மன்னிப்பு கேக்கல. அந்த நாத்தத்துல தூங்கி எழுந்து, குளிச்சி, உங்க புள்ளைங்களுக்கு சோறு ஊட்ட வர்ற அக்கா உங்ககிட்ட மன்னிப்பு கேக்குது. இது இன்னா நியாயம்னு நீங்களே சொல்லுங்க."

காந்திமதி மூக்கைப் பொத்தியிருந்த முந்தானையைக் கீழே விட்டார். லாரி டிரைவரைப் பார்த்து, திருப்பு, இங்கே ஒரு சொட்டு விழக் கூடாது, ஆகிற செலவை நான் தருகிறேன் என்றார். அன்புச்செல்வியிடம், உன்னை யாரும் வேலையை விட்டு எடுக்கமாட்டார்கள் என்றார். கண்ணில் நீர் கட்டியிருந்தது. பிறகு செல்வியிடம் வந்தார். வெண்ணிலாவை நாளைக்கே கூட்டிக்கொண்டு வா, சீட்டு தருகிறேன் என்றார். அதைச் சொல்லும்போது மனசு கொஞ்சம் லேசானதுபோல் இருந்தது அவருக்கு.

செல்வி அவரை அப்படி லேசாகப் போக விடவில்லை.

"இன்னைக்கி வந்து சுத்திப் பாத்தீங்க. நல்லவங்கன்னு தெரிஞ்சிது. சீட்டு குடுக்கறீங்க. அந்தப் பெட்டிக்கட கிட்ட ஒருத்தரு குடிச்சிட்டு கெடக்கறாரே, பாத்தீங்க இல்ல? அவருக்கும் ஒரு பையன் இருக்கறான். எங்க பாப்பா வயசு. அவனுக்கு சீட்டு உண்டா? நாங்க நல்லவங்கன்னு காட்டி வாங்கிக்க இது பரிசு இல்ல மேடம். உங்க பொண்ண ஸ்கூல்ல சேக்கும்போது, விழுப்புரத்துல உங்க தெருவ யாராவது வந்து சுத்திப் பாத்துட்டா சேத்தாங்க?"

பானுப்ரியா தலையைக் குனிந்துகொண்டாள். தேவா தன் மனைவியைப் பார்த்தான். இவர்களை இங்கே அழைத்துக்கொண்டு வந்ததில் தான் செய்த தவறு என்ன என்று அவனுக்கு அப்போது விளங்கியது. தன் தெருவை மன்னித்துவிடும்படி கேட்கத்தான் அவனும் அவர்களைக் கூட்டிக்கொண்டு வந்திருக்கிறான்.

திரும்பும்போது காரில் சீனுவாசன் செயினை எடுத்து நீட்டினான். காந்திமதி அதை வாங்கிக் கையிலேயே வைத்துக்கொண்டு வந்தார், கழுத்தில் போட்டுக்கொள்ளவில்லை.

அந்த வாரம் அவர் நகராட்சி அலுவலகத்துக்கு மூன்று தடவை போனார். குட்டையில் கழிவு கொட்டுவதைப் பற்றித் தன் பெயரிலேயே புகார் கொடுத்தார். காளவாய்மேட்டுக்காரர்கள் வருஷக்கணக்காகக் கொடுத்த புகார்களுக்கு வராத அதிகாரி, தாளாளர் அம்மா கொடுத்ததும் மறுநாளே வந்து பார்த்தார். அதைக் கேட்டு செல்விக்குச் சந்தோஷம் வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. காந்திமதி தானாகவே மறுபடியும் காளவாய்மேட்டுக்கு நடந்து வந்தார், இந்த முறை தனியாக. பள்ளி வயதில் பிள்ளை இருக்கிற ஒவ்வொரு வீட்டுக்கும் போய், விருப்பமிருந்தால் சேர்க்கலாம் என்று சொல்லிவிட்டுப் போனார். பெட்டிக்கடை ஓரத்தில் கிடந்தவரின் வீட்டுக்கும் போனார். அதைக் கேட்ட பிறகுதான் செல்வி மகளைக் கொண்டுபோய்ச் சேர்த்தாள். தெருவிலிருந்து மொத்தம் ஆறு குழந்தைகள் சேர்ந்தன.

ஜூன் மாதம் பள்ளி திறந்த முதல் வாரத்தில் பெற்றோர் கூட்டம். ஹாலில் விசிறிகள் சுற்றிக்கொண்டிருந்தன. ஹார்டுவேர் கடை வைத்திருக்கும் வெங்கடாசலம் எழுந்து நின்றார். பள்ளிக்கு நன்கொடை கொடுக்கிறவர். காளவாய்மேட்டுப் பசங்களைச் சேர்த்திருப்பதாகக் கேள்விப்பட்டோம் என்று தொடங்கினார். நாங்கள் ஒன்றும் சாதி பார்க்கிறவர்கள் இல்லை, ஆனால் எங்கள் பிள்ளைகளின் பாதுகாப்பு என்று ஒன்று இருக்கிறது, அங்கே எப்படிப்பட்டவர்கள் இருக்கிறார்கள் என்று மேடத்துக்குத் தெரியுமா என்றார். நாலைந்து பேர் தலையாட்டினார்கள். கடைசி வரிசையில் செல்வியும் தேவாவும் உட்கார்ந்திருந்தார்கள். கதவருகே அன்புச்செல்வி நின்றிருந்தாள்.

காந்திமதி எழுந்தார். தான் போய்ப் பார்த்ததை எல்லாம் சொல்லிவிடலாம் என்று நாக்கு நுனி வரை வந்தது. சர்ச்சும் கோயிலும், கொடியில் காய்ந்த யூனிஃபார்மும், தண்ணி வேண்டுமா என்று கேட்ட அம்மாவும். ஆனால் உங்கள் தெருவை யாராவது சுற்றிப் பார்த்துவிட்டா சேர்த்தார்கள் என்று குட்டைக் கரையில் செல்வி கேட்டது நினைவுக்கு வந்தது. அதனால் அதை விழுங்கிக்கொண்டார்.

"அங்க எப்படிப்பட்டவங்க இருக்காங்கன்னு கேக்கறீங்க. நான் போய்ப் பாத்தேன். என்ன பாத்தேன்னு சொல்லமாட்டேன். சொன்னா, நாலு வயசுக் குழந்தைக்கு நான் ஜாமீன் குடுக்கற மாதிரி ஆயிடும். உங்க குழந்தைங்களுக்கு நான் யார்கிட்டயும் ஜாமீன் கேக்கலியே. ஏரியா பேரக் கேட்டு ஒரு குழந்தைய வெளிய நிறுத்தினா அதுக்குப் பேரு பாதுகாப்பு இல்ல. தீண்டாமை. நாம அத இங்கிலீஷ்ல ஏரியான்னு சொல்லிக்கறோம், அவ்வளவுதான். ஒரு மனுஷன் தன்னோட தெரு நல்ல தெருன்னு நிரூபிச்சிட்டுத்தான் நம்ம வாசப்படி ஏறணும்னா, கெட்டுப்போனது அந்தத் தெரு இல்ல, நம்ம வாசப்படி. இதுல இஷ்டமில்லாதவங்க டி.சி. வாங்கிக்கலாம்."

வெங்கடாசலம் நின்றபடியே இருந்தார். பிறகு நாற்காலியைப் பின்னால் தள்ளிவிட்டு வெளியேறினார். அவர் பின்னால் இன்னும் இரண்டு பேர் போனார்கள். மற்றவர்கள் இருந்தார்கள். யாரோ ஒருவர் கைதட்டத் தொடங்க, மெல்ல ஹால் முழுவதும் கைதட்டியது. தேவாவும் தட்டினான்.

செல்வி மட்டும் கையை மடியிலேயே வைத்துக்கொண்டிருந்தாள். ஏன் என்று தேவா சைகையில் கேட்டான்.

"நம்ம புள்ளைக்கி பாத்தியப்பட்டத குடுத்தாங்க. அதுக்கு எதுக்குங்க கை தட்டணும்?" என்றாள் அவள்.